நண்டு விக்கப் போனேன் சார்

அழுவலாம் இல்ல தங்கச்சி, கண்ணுல காத்து அடிக்குது. அந்த ஷட்டரக் கொஞ்சம் எறக்கி வுடு. ஆங், போதும்.

சரி, அழுதேன்னே வெச்சிக்க. பெத்த பொண்ணுக்கு முறுக்கு சுட்டு எடுத்துக்கினு போயி குடுத்துட்டு வரவ சிரிச்சிக்கினுதான் வரணும். எம்பொண்ணு மாட்டு டாக்டருக்குப் படிக்கிறா. மொத வருஷம். ஆஸ்டல்ல கட்டிலு, ஃபேனு, தனி அலமாரி எல்லாம் குடுத்திருக்காங்க. எங்க வம்சத்துல காலேஜ் கேட்டத் தாண்டுன மொத ஆளு அவதான். அப்புறம் இன்னாத்துக்கு அழுவுறன்னு நீ கேப்ப. கேளு. எனக்கும் யார்கிட்டயாவது சொன்னாத்தான் நெஞ்சு ஆறும். தெரிஞ்சவங்ககிட்ட சொல்ற கதையா இது? நீ எந்த ஊரோ, நான் எந்த ஊரோ. பஸ்ஸ வுட்டு எறங்குனா ஒன் மொகம் எனக்கு மறந்துடும், எம்மொகம் ஒனக்கு மறந்துடும்.

கூடப் பொறந்த அக்கா ஒரு தடவ காட்டிக் குடுத்தா. பெத்த பொண்ணு ஒரு தடவ காட்டிக் குடுத்தா. நான் யாருக்கு இன்னா கெடுதல் செஞ்சேன்? அத்த மட்டும் கடைசியில நீ சொல்லு.

எம்பேரு மோகனா. அரியந்தாங்கல்ல புஷ்பலதா டீச்சர் வூட்டு மாடியில குடியிருக்கோம். இந்த மாசம் வரைக்கும் இருப்போம். எங்க வூட்டுக்காரரு நாகப்பன், சென்ட்ரிங் வேலைக்குப் போறாரு. வாயத் தொறக்காத மனுசன். பொண்ணு ஹரிணி. அவ்ளோதான் குடும்பம்.

நாங்க இருளருங்க.

மெதுவா சொல்றேன்னு நெனச்சிக்காத. முன்னாடி சீட்டுல குந்திக்கினு இருக்கற ரெண்டு பேரும் எங்க ஊர்க்காரங்க மாதிரி தெரியுது, அதான்.

பொறந்தது கொடுக்கம்பட்டு ஏரிக்கரையில. அங்க எம்பேரு குப்பம்மா. அப்பா வயல்ல எலி புடிப்பாரு, ஏரியில மீனு நண்டு புடிப்பாரு. அங்கியேதான் கட்டிக் குடுத்தாங்க. கல்யாணமாயி கழுத்துல மஞ்சக் கவுறு காயல, ஊருக்குள்ள யாரோ ஒருத்தரு கெணத்துல மோட்டார் காணாம பூட்டுது. போலீசு நேரா ஏரிக்கரைக்குத்தான் வந்துது. எங்க இன்னா காணாம பூட்டாலும் எங்காளுங்களத்தான் மொதல்ல தேடுவாங்க. இவர இஸ்துக்கினு போனாங்க. திரும்பி வந்தப்ப இவரால குந்தவும் முடியல, நிக்கவும் முடியல. மோட்டார வித்தது அந்தக் கெணத்துக்காரரு மச்சானாம், அது அப்புறம் தெரிஞ்சிது. தெரிஞ்சி இன்னா பண்றது? அன்னிக்கே நான் முடிவு பண்ணிட்டேன். இனிமே நம்மள யாரும் இன்னாருன்னு கண்டுபுடிக்கக் கூடாது. கண்டுபுடிச்சாத்தான இஸ்துக்கினு போவாங்க?

இவரக் கூட்டிக்கினு டவுனுக்கு வந்தேன். பேர மாத்திக்கினேன். பேச்ச மாத்திக்கினேன், பொடவ கட்றத மாத்திக்கினேன். வூடு தேடுறப்ப எல்லா எடத்துலயும் மொதக் கேள்வி அதான், நீங்க என்ன ஆளுங்க? டீச்சரும் கேட்டாங்க. நான் ஒண்ணும் பெரிய பொய் சொல்லல. "உங்க பக்கந்தாம்மா நாங்களும்"ன்னேன். உடனே சாவியக் குடுத்தாங்க. அதுக்கப்புறம் அவங்களும் கேக்கல, நானும் சொல்லல. அத்தப் போயி ஏமாத்துனதுன்னு சொல்ல முடியுமா?

டீச்சரப் பத்தி ஒண்ணு சொல்றேன் கேளு. தங்கம். எம்பொண்ணுக்கு அ ஆ எழுதக் கத்துக் குடுத்ததே அவங்கதான். பழைய புக்கு, பேனா, டேபிள் லைட்டு எல்லாம் அவங்க குடுத்தது. ஹரிணி வயசுக்கு வந்தப்ப சின்ன மண்டபத்துல வெச்சி செஞ்சேன், பெரியம்மா எடத்துல நின்னு ஆரத்தி எடுத்தது டீச்சர்தான். எங்க அக்காவக் கூப்புடலியான்னு கேக்காத. எப்படிக் கூப்புட முடியும், சொல்லு? அது வந்தா தனியாவா வரும்? ஏரிக்கரையே வரும். பாட்டுப் பாடும். மண்டபம் பூரா தெரிஞ்சிபூடும். அப்புறமா சொல்லிக்கலாம்னு வுட்டேன். சொல்றதுக்கு நேரம் அமையல.

அக்கா பேரு பூங்காவனம். என்னத் தூக்கி வளத்தது. அதும்மேல எனக்கு ஒண்ணும் கோவமில்ல அப்ப. ஒரு தடவ டவுனுக்கு வந்தப்பக்கூட, "அக்கா, நேரா மேல வந்துடாத, சந்துப் பக்கமா வா"ன்னு பதமாத்தான் சொன்னேன். அதுவும் புரிஞ்சிக்கிச்சி. மழ முடிஞ்சி ஏரி நெறஞ்ச சமயம், ஒரு கூடையில நண்டு எடுத்துக்கினு சந்துப் பக்கமா வந்துச்சி. ஹரிணிக்கு நண்டு ரசம்னா உசுரு, அதுக்குன்னு புடிச்சி எடுத்தாந்திருக்குது. நான் பேசிக்கினே நிக்கறேன், டீச்சர் பின்பக்கக் கதவத் தொறந்துட்டாங்க.

"நல்ல நண்டா இருக்கே! என்ன வெலம்மா?"ன்னு கேட்டாங்க.

அக்கா என்னப் பாத்துது. நான் இன்னா பண்றது? "கொறச்சிப் போட்டுக் குடுத்துட்டுப் போம்மா"ன்னேன். அக்கான்னு வாயில வரல, அம்மான்னுதான் வந்துது. அக்கா குந்தி, நண்டக் கட்டிக் குடுத்துட்டு, டீச்சர் குடுத்த காச முந்தானையில முடிஞ்சிக்கினு எழுந்து போயிடுச்சி. திரும்பிக்கூடப் பாக்கல. இன்னா நடிப்பு தெரியுமா! சினிமாக்காரங்க தோத்தாங்க. அந்த நண்டுல பாதிய டீச்சர் எங்களுக்கே குடுத்தாங்க, தங்கமான மனசு. நான் ரசம் வெச்சேன். ஹரிணிதான் சாப்புடல. ஜன்னல் வழியாப் பாத்திருக்கா போல.

அப்ப அவ்ளோ நல்லா நடிச்ச அக்காவுக்கு ஆபீஸ்ல நடிக்கத் தெரியாதா? அதான் என் கேள்வி. வரேன், அதுக்குத்தான் வரேன்.

ஹரிணி பன்னண்டாவதுல ஸ்கூல்லயே ரெண்டாவது. மாட்டு டாக்டர்தான் படிப்பேன்னு ஒத்தக் கால்ல நிக்கறா. மனுச டாக்டர்னாலும் சொல்லிக்க நல்லா இருக்கும், மாட்டு டாக்டரான்னு எனக்குக் கொஞ்சம் வருத்தந்தான். மார்க்கப் பாத்துட்டு அவ ஸ்கூல் சாரு சொன்னாரு, "எஸ்.டி. சர்டிபிகேட் இருந்தா சீட்டு நிச்சயம்மா. இல்லன்னா பணங்கட்டுற காலேஜத்தான் பாக்கணும்." நாங்க எங்க பணங்கட்டறது? அவருக்கு மட்டும் ஹரிணி எப்பவோ சொல்லி வெச்சிருக்கா, நாங்க இன்னாருன்னு. பாத்தியா, அப்பவே அவளுக்கு வாய் நிக்கல.

சர்டிபிகேட்டு எங்ககிட்ட இல்ல. ஸ்கூல்ல கேக்கறப்ப எல்லாம் அப்புறம் கொண்டாரேன்னு தள்ளிக்கினே வந்தேன். நடுவுல ஒரு தடவ கலெக்டர் ஏரிக்கரையில முகாம் போட்டு, காலனிக்கே சர்டிபிகேட் குடுத்தாராம். அக்கா ஆளனுப்புச்சி, பொண்ணக் கூட்டிக்கினு வான்னு. அன்னிக்கி டீச்சர் வூட்ல வெள்ளையடிப்பு, ஒத்தாசைக்கு ஆளில்ல. எப்படிப் போறது? தவிர, முகாம்னா போட்டோ புடிப்பாங்க, பேப்பர்ல போடுவாங்க. நான் போவல.

இப்ப இ-சேவையில எழுதிப் போட்டோம். வி.ஏ.ஓ. போன் பண்ணி, "நாளைக்கி ஆர்.ஐ. சாரோட வீட்டப் பாக்க வரோம்"ன்னாரு. வி.ஏ.ஓ.கிட்ட கெஞ்சிக் கேட்டுக்கினேன், "சார், கீழ ஓனரம்மா இருக்காங்க, சாதிப் பேர மட்டும் சத்தமா சொல்லிடாதீங்க." அவரு சிரிச்சாரு. "உங்க சாதிய விசாரிக்கத்தானம்மா வரோம்"ன்னாரு. டீச்சர்கிட்ட வருமான சர்டிபிகேட்டுக்கு வராங்கன்னு சொல்லி வெச்சேன்.

பெரிய ஆளுங்க வராங்கன்னா வூட்ட எப்படி வெப்போம்? கழுவித் தொடச்சேன். திருப்பதி பெருமாள் படத்துக்குக் கதம்பம் வாங்கி மாலை போட்டேன். இவருக்கு இஸ்திரி போட்ட சட்ட. சேர்ல புதுத் துண்டு விரிச்சி, கூல்டிரிங்ஸ் வாங்கி வெச்சேன். எங்கம்மா குடுத்த மண் கலயம் ஒண்ணு இருக்குது, மஞ்சத் துணி சுத்தி, எங்க கன்னிம்மாவா வெச்சிக் கும்புடுறது. அது எப்பவும் அரிசி டிரம்முக்குப் பின்னாலதான் இருக்கும். ஹரிணி அத்த வெளிய எடுத்து வெச்சா. நான் மறுபடியும் உள்ளத் தள்ளினேன். அவ எடுத்தா, நான் தள்ளினேன். "அம்மா, அவங்க பாக்க வரதே இதத்தாம்மா"ன்னா. டீச்சர் மேல வந்துட்டா இன்னா பண்றதுன்னு நான் கேட்டேன்.

சொன்ன மாதிரியே டீச்சர் மேல வந்துட்டாங்க. ஆபீசருங்க வந்திருக்காங்களே, நம்ம மோகனா பாவம், பேசத் தெரியாம நிப்பாளேன்னு ஒத்தாசைக்கு வந்து வாசப்படியில நின்னாங்க. ஆர்.ஐ. சேர்ல குந்தி கேக்கறாரு.

"என்ன சாமி கும்புடுவீங்க?"

"பெருமாளுங்க சார்."

"கொல தெய்வம்?"

"அதுவும் பெருமாள்தாங்க."

இவரப் பாத்து, "ஏம்ப்பா, எலி, பாம்பு எல்லாம் புடிக்கத் தெரியுமா உனக்கு?"ன்னாரு. எங்க வூட்டுக்காரரு வாய் தொறக்கப் போனாரு. வருஷம் பூரா தொறக்காத வாயி அன்னிக்குத்தான் தொறக்குது! "ச்சீ, அதெல்லாம் எங்களுக்குத் தெரியாது சார்"ன்னு நான் குறுக்கப் பூந்துட்டேன். டீச்சருக்கு ஒரே சிரிப்பு. "என்ன சார், இவங்ககிட்டப் போய் எலி பாம்புன்னு கேக்கறீங்க? ரொம்ப டீசண்டான குடும்பம் சார். நான் கேரண்டி"ன்னாங்க. ஆர்.ஐ. தலையாட்டிக்கினே எழுதிக்கினாரு.

எனக்குக் குளுந்துபோச்சி தங்கச்சி. அவ்ளோ பெரிய மனுசி, நம்ம குடும்பத்துக்கு கேரண்டின்னு சொல்றாங்கன்னா சும்மாவா? அவங்க எறங்கிப் போனதும் ஹரிணி கலயத்த எடுத்து மடியில வெச்சிக்கினு செவுத்தப் பாத்துக்கினு குந்திட்டா. கூல்டிரிங்ஸ் மீந்துது, குடிடின்னேன். குடிக்கல.

அப்புறம் வி.ஏ.ஓ. சொன்னாரு, "பழங்குடிக்கான பழக்கவழக்கம் எதுவும் இல்லன்னு ரிப்போர்ட் போயிருக்கும்மா. ஆர்.டி.ஓ. நேர்ல கூப்பிடுவாரு. சர்டிபிகேட் வெச்சிருக்கற ரத்த சொந்தம் யாராச்சும் இருந்தா கூட்டிக்கினு வா. அதான் கடைசி வழி." கவுன்சிலிங் தேதி வேற நெருங்கிக்கினே வருது. சீட்டு போச்சின்னா பொண்ணு அடுத்த நாளே தறியிலயோ துணிக்கடையிலயோ நிக்கணும்.

அக்காவத் தேடி ஏரிக்கரைக்குப் போனேன். எத்தினி வருஷமாச்சி! பாத்ததும் அது ஒண்ணும் கேக்கல. குந்தச் சொல்லிச்சி, தண்ணி குடுத்துது. விஷயத்தச் சொன்னேன். "எப்ப வரணும்?"னு மட்டும் கேட்டுது. பாத்தியா, நம்ம ரத்தம்னு எனக்குப் பெருமையாக்கூட இருந்துச்சி. அந்தப் பெருமையிலதான் மண்ணள்ளிப் போட்டுது.

ஆபீசுக்குச் சொன்ன நேரத்துக்கு வந்துச்சி. அதே ஏரிக்கரைப் பொடவ, காலுல செருப்பில்ல. நான் நல்லதா ஒரு பொடவ எடுத்தாந்திருந்தேன், கட்டிக்கச் சொன்னேன். வாணான்டுச்சி. ஆர்.டி.ஓ. வயசுப் பையன், கண்ணாடி போட்டிருக்காரு. மரியாதையாத்தான் கேட்டாரு.

"இவங்க உங்களுக்கு யாரும்மா?"

"எந்தங்கச்சி சார். எங்கூடப் பொறந்தது."

எனக்கு உசுரு வந்துது.

"போக்குவரத்து இருக்கா ரெண்டு வீட்டுக்கும்?"

"இல்ல சார்."

"நல்லது கெட்டதுக்கு வருவாங்களா?"

"வரமாட்டாங்க சார்."

எங்காளுங்க எங்க இருந்தாலும் மாசி மகத்துக்கு மகாபலிபுரம் போயிடுவாங்க. கடக்கரையில பொடவையால குடிச கட்டித் தங்கி, விடியக்காலையில மணல்லயே ஏழு படி கட்டி கன்னிம்மாவக் கும்புடுவாங்க. பொண்ணு பாக்கறது, தாலி கட்டறது எல்லாம் அங்கதான். அந்த ஆபீசர் அதெல்லாம் படிச்சி வெச்சிருக்காரு. "மாசி மகத்துக்காவது வருவாங்களா?"ன்னாரு. அக்கா என்னை ஒரு பார்வ பாத்துட்டு, "வந்து ரொம்ப நாளாச்சி சார்"ன்னுச்சி.

நான் போவாம இல்ல தங்கச்சி. கண்ணால போவேன். டீச்சர் வூட்டு டி.வி.யில வருஷா வருஷம் காட்டுவாங்க. "பாவம், மண்ணுல எப்படிப் படுத்துக் கெடக்குதுங்க பாரு"ம்பாங்க டீச்சர். "ஆமாம்மா"ம்பேன். வாயி ஆமாம்மாங்கும், கண்ணு அந்தக் கூட்டத்துல அக்காவத் தேடும். ஒரு வருஷம் அதே மாதிரி ஒரு முதுகு தெரிஞ்சிது, அதுக்குள்ள வெளம்பரம் போட்டுட்டாங்க. இதெல்லாம் ஆபீசர்கிட்ட சொல்ல முடியுமா?

கடைசியா கேட்டாரு, "இவங்க வீட்டுக்கு நீங்க எப்பம்மா போனீங்க?"

அக்கா நிமுந்து பாத்து சொல்லிச்சி, "நண்டு விக்கப் போனேன் சார்."

விக்கவா வந்துது? நீயே சொல்லு, விக்கவா வந்துது? பொண்ணுக்குக் குடுக்கன்னு எடுத்தாந்தது! எந்தங்கச்சி பொண்ணுக்கு நண்டு குடுக்கப் போனேன் சார்னு ஒரு வார்த்த சொல்லியிருந்தா போதும், அதுல பொய்யுமில்ல. அங்க அப்படி நடிச்சது இங்க நடிக்க மாட்டேன்னுடுச்சி. ஆபீசர் பேனாவ மூடி வெச்சிட்டாரு. "ரிப்போர்ட்டும் இப்படி இருக்கு, அக்காவும் இப்படி சொல்றாங்க. வேற ஏதாவது ஆதாரம் இருந்தா சீக்கிரம் கொண்டாங்க. இல்லன்னா என்னால கையெழுத்துப் போட முடியாது"ன்னாரு.

ஆபீஸ் வாசல்ல வெச்சே அக்காவப் புடிச்சிக்கினேன். இத்தினி பேரு பாக்கறாங்கன்னுகூட எனக்குத் தெரியல. "எம்பொண்ணு வாயில மண்ணப் போட்டுட்டியே! எத்தினி நாளு காத்திருந்த இதுக்கு?"ன்னு கத்தினேன்.

அக்கா அழல, கோவப்படல. "நான் இன்னா குப்பு பொய்யா சொன்னேன்?"ன்னு கேட்டுது.

அந்தப் பேரச் சொல்லி ஆபீஸ் வாசல்ல கூப்புட்டுது பாரு, அதான் எனக்கு இன்னும் எரியுது. ஹரிணி அதுவரைக்கும் ஓரமா நின்னவ, நேரா போயி பெரியம்மா கையப் புடிச்சிக்கினா. எங்கூட வராம அதுகூட பஸ் ஏறிட்டா. எனக்குன்னு ஒருத்தரும் இல்ல அன்னிக்கி. இவரு பக்கத்துல நின்னாரு, ஆனா இவரு நின்னாலும் ஒண்ணுதான் நிக்காட்டியும் ஒண்ணுதான்.

அதுக்கப்புறந்தான் ரெண்டாவது அடி. அக்கா அடிச்சது வெளிக்காயம், இது உள்ளுக்குள்ள.

ஏரிக்கரையில தங்கிட்டுத் திரும்பி வந்த ஹரிணி மாடிக்கு வரல. கீழ டீச்சர் வூட்டு பெல்ல அடிச்சா. நான் மாடிப்படியில நின்னு எட்டிப் பாக்கறேன். "ஆன்ட்டி, நாங்க இருளருங்க. எங்கம்மா உங்ககிட்ட மறைச்சிட்டாங்க. எனக்கு சர்டிபிகேட் கெடைக்க நீங்க ஒரு தடவ ஆபீசுக்கு வரணும்." ஒண்ணும் கூசாம, டியூஷன் பீஸ் கேக்கற மாதிரி கேக்கறா. நான் அங்கியே படியில குந்திட்டேன். டீச்சர் கேட்டாங்க, "எப்ப வரணும்?"

அப்படிப்பட்டவங்க. ஏமாத்திட்டாங்கன்னு தெரிஞ்சும், படிக்கிற பொண்ணோட வாழ்க்க கெடக்கூடாதுன்னு வந்தாங்க பாரு. எங்கூட ஆட்டோவுல வரல, தனியா வந்தாங்க. இருக்கட்டும்.

ஆர்.டி.ஓ. முன்னாடி எம்பொண்ணு நிக்கறா. நாங்க ரெண்டு பேரும் பின்னால. டீச்சருக்கு சேர் போட்டாங்க.

"சார், அன்னிக்கி ஆர்.ஐ. சார் வந்தப்ப எங்கம்மா எல்லாத்துக்கும் பொய் சொன்னாங்க. ஏன்னா ஓனரம்மா வாசல்ல நின்னுட்டு இருந்தாங்க. இவங்கதான் ஓனரம்மா. எங்கம்மா என்ன சாதின்னு சொல்லி வீடு வாங்குனாங்கன்னு கேளுங்க."

கேட்டாரு. டீச்சர் சொன்னாங்க, "எங்க ஆளுங்கன்னு சொன்னாங்க சார். நானும் நம்பிட்டேன்."

எனக்கு அப்பவே பூமி பொளந்தா தேவலன்னு இருந்துச்சி. ஆபீசர் ஹரிணியப் பாத்து, "சரிம்மா, உங்கம்மா மறைச்சாங்க. அதுவே நீங்க பழங்குடின்னு ஆயிடுமா?"ன்னாரு.

"வேற சாதியா இருந்தா எதுக்கு சார் மறைக்கணும்? எங்கம்மா உண்மையச் சொல்லியிருந்தா எங்களுக்கு வீடு குடுத்திருப்பாங்களான்னு ஆன்ட்டிகிட்ட நீங்களே கேளுங்க சார்."

ஆபீசர் டீச்சரப் பாத்தாரு. வாயால கேக்கல, பாத்தாரு, அவ்ளோதான். டீச்சர் கைப்பைய மடியில வெச்சிக்கினு அதோட ஜிப்ப இழுக்கறாங்க, மூடறாங்க. மறுபடியும் இழுக்கறாங்க. எத்தினி பசங்களுக்குப் பாடஞ்சொன்ன வாயி! ஒரு பதிலும் வரல. ஆபீசர், "எழுதிக்கறேன், நீங்க கெளம்பலாம் மேடம்"னு சொல்லிட்டுப் பேனாவத் தொறந்தாரு.

அப்படிக் கெடச்ச சர்டிபிகேட்டு தங்கச்சி அது. இவரு அத்தக் கையில வாங்கி மொகத்துல வெச்சிக்கினு அழுவறாரு. அந்த மோட்டாரு கேசுல அடி வாங்கி வந்தப்பக்கூட இவரு அழல. நானும் சந்தோசப்படாமலா இருப்பேன்? சந்தோசந்தான். ஆனா ஒண்ணு சொல்லு. அ ஆ கத்துக் குடுத்தவங்கள அப்படி நாலு பேரு முன்னாடி வாயடச்சி நிக்க வெக்கலாமா? அதவிடு. பெத்தவள? நான் யாருக்காக மறைச்சேன்? இவளுக்காகத்தான? இவள யாரும் இஸ்துக்கினு போவக் கூடாது, கேவலமாப் பேசக் கூடாதுன்னு கட்டிக் காப்பாத்துன ஒண்ண, ரோட்ல போட்டு ஒடைச்சிட்டு சர்டிபிகேட்ட எடுத்துக்கினா. ஒடைச்சது எதுக்குள்ள இருந்துது? எனக்குள்ளதான?

டீச்சர் ஒண்ணுமே கோவப்படல. அத்தச் சொல்லணும். "அமெரிக்காவுலருந்து பையன் வர்றான், மாடி வேணும் மோகனா"ன்னாங்க. பையன் வராம போவானா, அவங்க வூடு. அதுக்கப்புறம் கொழுக்கட்ட செஞ்சி குடுத்தேன், டப்பா அப்படியே திரும்பி வந்துது. சுகர் ஏறியிருக்கும், இனிப்பு ஆவாது அவங்களுக்கு. தெருவுல ரெண்டு பேரு என்னப் பாத்ததும் பேச்ச நிறுத்துனாங்க. வேற ஏதாச்சும் பேசிக்கினு இருந்திருப்பாங்க. நானா எதுக்குக் கற்பன பண்ணணும்?

இன்னிக்கி ஆஸ்டலுக்குப் போறேன். ரூம்புல இன்னும் மூணு பொண்ணுங்க, நல்ல குடும்பத்துப் பொண்ணுங்க மாதிரி இருக்குதுங்க. முறுக்க எடுத்துக் குடுக்கறேன். ஒருத்தி, "சூப்பரா இருக்கு ஆன்ட்டி, நீங்க எந்த ஊரு?"ன்னு கேக்கறா. ஊரத்தான் கேட்டா. எம்பொண்ணு சொல்றா, "கொடுக்கம்பட்டு ஏரிக்கரை. நாங்க இருளர். எங்க பெரியம்மா நண்டு ரசம் வெச்சா நீங்கல்லாம் இந்த ஆஸ்டல்ல சாப்பிடவே மாட்டீங்க. மாசி மகத்துக்கு லீவு போடுங்க, நான் கூட்டிட்டுப் போறேன்." அந்தப் பொண்ணுங்களும் வரோம் வரோம்னு குதிக்குதுங்க! விளையாட்டுக்குச் சொல்லுதுங்களோ இன்னாவோ. அலமாரியத் தொறந்தா, துணிமணிக்கு மேல நடுவாந்தரமா அந்தக் கலயத்த வெச்சிருக்கா. எப்ப எடுத்துக்கினு போனான்னே தெரியல. அரிசி டிரம்முக்குப் பின்னால நான் கைய வுட்டுக்கூடப் பாக்கல பாரு இத்தினி நாளா.

"நீயும் வாம்மா"ன்னா என்னப் பாத்து. நான் பஸ்ஸுக்கு நேரமாச்சின்னு எழுந்துட்டேன். அதான் இந்த அழுகை. தோ, மறுபடியும் வருது பாரு.

வுடு. இப்ப எனக்கு வூடுதான் கவலை. மாசம் முடியறதுக்குள்ள பாத்தாவணும். பாத்த எடத்துல எல்லாம் அதே கேள்வி.

இன்னா சொல்ற? ஒன் நாத்தனார் வூடா? அரியந்தாங்கல்லியா! கீழ போர்ஷன் காலியா கெடக்குதா? அடி ஆத்தே, மொதல்லயே சொல்லக் கூடாதா தங்கச்சி? தண்ணி வசதி இருக்குதா? எங்களுக்குப் பெருசா ஒண்ணும் வாணாம், நாங்க ரெண்டே பேருதான். வாடகை நாள் தவறாது. அவங்க போன் நம்பரச் சொல்லு, நான் ஒரு பேப்பர்ல எழுதிக்கறேன்.

ஆனா தங்கச்சி, கையெடுத்துக் கும்புடறேன். இவ்ளோ நேரம் நான் சொன்னது எதையும் நாத்தனார்கிட்ட சொல்லிடாத. பஸ்ல பழக்கம், நல்ல மாதிரின்னு மட்டும் சொல்லு. மத்தத நான் பாத்துக்கறேன். இவர ஒண்ணு கேட்டா பேசவே மாட்டாரு, பயமில்ல.

எம்பொண்ணு லீவுக்கு வந்தா மட்டும் அவகிட்ட யாரும் எதுவும் கேக்காதீங்க. அவ உண்மையச் சொல்லிப்புடுவா.